விமானத்தில் அடிபட்டால் தாளில் என்ன இருக்க வேண்டும்? 'வி95' முதல் 'வி97' வரை ஒரு விளக்கம்

2016 ஜூலை 22, வெள்ளிக்கிழமை. சென்னையில் பலருக்கு அது 'கபாலி' படம் வெளியான நாளாக நினைவிருக்கும். அன்று காலை சுமார் 8.30 மணிக்குத் தாம்பரம் விமானப்படைத் தளத்திலிருந்து ஏஎன்-32 ரகப் போக்குவரத்து விமானம் ஒன்று போர்ட் பிளேயருக்குக் கிளம்பியது. உள்ளே 29 பேர் இருந்தார்கள். விமானப்படையினரோடு தரைப்படை, கடற்படை, கடலோரக் காவல்படையைச் சேர்ந்தவர்களும், கடற்படை ஆயுதக் கிடங்கில் வேலை பார்த்த 8 சிவில் ஊழியர்களும் அதில் போனார்கள். வங்கக் கடலுக்கு மேலே பறந்துகொண்டிருந்தபோது அந்த விமானம் ராடார் திரையிலிருந்து மறைந்துவிட்டது. வாரக்கணக்கில் தேடியும் கிடைக்கவில்லை. 29 பேரும் இறந்துவிட்டதாகவே கருதப்படுவதாக அந்த ஆண்டு செப்டம்பர் 15 அன்று குடும்பங்களுக்குத் தெரிவிக்கப்பட்டது.

இப்படி ஒரு விபத்து நடந்தால் முதலில் வருவது துக்கம். அது ஆறுவதற்கு முன்பே தாள்கள் வந்துவிடும். இறப்புப் பதிவு, வாரிசுச் சான்றிதழ், ஓய்வூதியம், இன்சூரன்ஸ் என்று எந்த வாசலுக்குப் போனாலும் ஒரே கேள்விதான்: "எப்படி நடந்தது?"

மருத்துவப் பதிவுகளில் அந்தக் கேள்விக்கான பதில் ஒரு குறியீடாக மாறுகிறது. விமான விபத்துக் காயங்களுக்கென்றே தனி எண்கள் இருக்கின்றன. அவை என்ன, யார் போடுகிறார்கள், அதில் நமக்கு என்ன வேலை என்பதை இந்தக் கட்டுரையில் பார்க்கலாம்.

"நாம எங்க விமான விபத்துல மாட்டப் போறோம்?" என்று கேட்கலாம். பல்லாவரம், பம்மல், பொழிச்சலூர், அனகாபுத்தூர் வாசிகள் தலைக்கு மேலே தினமும் விமானம் பறக்கிறது. தாம்பரம், சேலையூர்ப் பக்கம் இருப்பவர்களுக்குப் பயிற்சி விமானச் சத்தம் பழகிப்போன ஒன்று. இன்னொன்றும் உண்டு. இந்த எண்கள் விமானம் விழுந்து நொறுங்கினால் மட்டும் வருபவை அல்ல. விமானத்தின் படிக்கட்டில் கால் இடறி விழுந்தாலும் இதே பட்டியல்தான். தாளைச் சரிபார்க்கும் முறையோ, ஜி.எஸ்.டி. சாலையில் பைக்கில் அடிபட்டவருக்கும் அப்படியே பொருந்தும்.

மெடிக்கல் கோடிங் என்றால் என்ன?

தென்சென்னைப் புறநகரில் இந்த வார்த்தையைக் கேள்விப்படாத வீடு குறைவு. பட்டப்படிப்பு முடித்த பையனோ பெண்ணோ "கோடிங் கம்பெனியில வேலை" என்று சொன்னால், அது கம்ப்யூட்டர் நிரல் எழுதும் வேலையாக மட்டும் இருக்க வேண்டியதில்லை. மருத்துவமனைக் குறிப்புகளைப் படித்து, அதற்குரிய எண்களைப் போடும் மெடிக்கல் கோடிங்காகவும் இருக்கலாம்.

டாக்டர் எழுதும் குறிப்பு ஒவ்வொருவரிடமும் ஒவ்வொரு மாதிரி இருக்கும். "இடது தொடை எலும்பு உடைந்தது" என்று ஒருவர் எழுதுவார். அதையே இன்னொருவர் முழுக்க மருத்துவச் சொற்களில் எழுதுவார். எண்ணாக மாற்றினால் இரண்டும் ஒன்றாகிவிடும். இதற்காக உலக சுகாதார நிறுவனம் வெளியிடும் பட்டியல்தான் 'நோய்களின் பன்னாட்டு வகைப்பாடு'. சுருக்கமாக ஐ.சி.டி. என்பார்கள். இதன் பத்தாவது பதிப்பான ஐ.சி.டி.-10 நம் நாட்டில் நோய், இறப்புக் கணக்குகளுக்குப் பயன்படுகிறது. அமெரிக்கா அதையே விரித்து, ஐ.சி.டி.-10-சி.எம். என்ற பெயரில் வைத்திருக்கிறது. நம் ஊர் கோடர்கள் பெரும்பாலும் அமெரிக்க மருத்துவமனைகளின் குறிப்புகளைப் பார்ப்பதால், அவர்கள் படிப்பது இந்த விரிவான பட்டியல். 2022 ஜனவரி 1 முதல் ஐ.சி.டி.-11 உலக அளவில் நடைமுறைக்கு வந்திருக்கிறது. நாடுகள் படிப்படியாக அதற்கு மாறி வருகின்றன.

ஒரு காயத்துக்கு இரண்டு வகை எண்கள் தேவை. முதல் வகை, உடம்பில் என்ன ஆயிற்று என்று சொல்வது. இவை 'எஸ்', 'டி' என்ற எழுத்துகளில் தொடங்கும். தொடை எலும்பு முறிவுக்கு எஸ்72, தீக்காயங்களுக்கு டி20 முதல் டி32 வரை. இரண்டாவது வகை, அது எப்படி நடந்தது என்று சொல்வது. இவை 'வி', 'டபிள்யூ', 'எக்ஸ்', 'ஒய்' என்ற எழுத்துகளில் தொடங்கும். இதற்குப் புறக்காரணக் குறியீடு என்று பெயர். எலும்பு முறிவுக்கு எக்ஸ்ரே சாட்சி. ஆனால் எப்படி முறிந்தது என்பதற்கு நீங்கள் சொன்னதும் டாக்டர் எழுதியதும்தான் சாட்சி.

கோடர்களுக்கு ஒரு அடிப்படை விதி உண்டு. தாளில் இல்லாததை ஊகித்து எழுதக் கூடாது. "விழுந்தார்" என்று மட்டும் இருந்தால் விழுந்ததற்கான பொது எண்தான் கிடைக்கும். எங்கிருந்து, எதிலிருந்து என்று கோடர் கற்பனை செய்ய முடியாது. இந்தக் கட்டுரையில் ஒன்றே ஒன்றை நினைவில் வைப்பதானால், இதை வைத்துக்கொள்ளுங்கள்.

விமான விபத்துக்கு மூன்று அடுக்குகள்

ஐ.சி.டி.-10 பட்டியலில் விமானப் போக்குவரத்து விபத்துகளுக்கு முக்கியமாக மூன்று எண்கள் இருக்கின்றன.

வி95: இன்ஜின் உள்ள விமானத்துக்கு விபத்து நேர்ந்து, உள்ளே இருந்தவருக்குக் காயம். விழுந்தது, மோதியது, தீப்பிடித்தது, வெடித்தது, அவசரமாகத் தரையிறங்கியது எல்லாம் இதில் அடக்கம். புள்ளிக்குப் பின்னால் வரும் எண் விமானத்தின் வகையைச் சொல்லும். ஹெலிகாப்டருக்கு வி95.0, பயணிகள் விமானம் போன்ற வணிக விமானத்துக்கு வி95.3.

வி96: இன்ஜின் இல்லாமல் பறப்பவை. பலூன், கிளைடர் போன்றவை. 2025 ஜனவரியில் கிழக்குக் கடற்கரைச் சாலையில் திருவிடந்தையில் பலூன் திருவிழா நடந்தபோது குடும்பம் குடும்பமாகப் போய்ப் பார்த்தோமே, அந்த வெப்பக்காற்று பலூனுக்கு விபத்து நேர்ந்து அதில் இருப்பவர் காயப்பட்டால் வி96.0.

வி97: மற்றவை. விமானத்துக்கு ஒன்றும் ஆகாமல், உள்ளே இருந்தவர் மட்டும் விழுந்து அடிபட்டால் வி97.0. விமானத்தில் ஏறும்போதோ இறங்கும்போதோ காயப்பட்டால் வி97.1. பாராசூட்டில் குதித்தவருக்கு வி97.2. விமான விபத்தில் தரையில் இருந்தவர் காயப்பட்டால் வி97.3.

எண்களை மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை. நம் மாநிலத்திலும் வெளியிலும் நடந்த சம்பவங்களோடு சேர்த்துப் பார்த்தால் தானாகப் புரியும்.

2021 டிசம்பர் 8 அன்று சூலூரிலிருந்து வெலிங்டனுக்குப் போன மிக்-17 அல்ல, 'எம்ஐ-17வி5' ரக ஹெலிகாப்டர் குன்னூர் அருகே நஞ்சப்பசத்திரத்தில் விழுந்தது. முப்படைத் தலைமைத் தளபதி பிபின் ராவத் உட்பட 13 பேர் அன்றே இறந்தார்கள். பலத்த தீக்காயங்களோடு பிழைத்த குரூப் கேப்டன் வருண் சிங், பெங்களூரு ராணுவ மருத்துவமனையில் டிசம்பர் 15 அன்று இறந்தார். ஒரு வாரம் கழித்து, வேறு மாநிலத்தில், மருத்துவமனைப் படுக்கையில் நிகழ்ந்த இறப்பு அது. ஆனாலும் வகைப்பாட்டு விதிப்படி இப்படிப்பட்ட இறப்பின் அடிப்படைக் காரணம் ஹெலிகாப்டர் விபத்துதான். நாள் கடந்தாலும் ஊர் மாறினாலும் அது மாறாது.

2025 நவம்பர் 14 அன்று விமானப்படையின் பிலேட்டஸ் பிசி-7 பயிற்சி விமானம் ஒன்று தாம்பரத்துக்குத் தெற்கே திருப்போரூர் அருகே விழுந்தது. விமானி வெளியே குதித்து உயிர் தப்பினார். பாராசூட்டில் இறங்குபவர் என்பதால் இப்படிப்பட்டவருக்கு வி97.2 என்று தோன்றும். அது சரியல்ல. வி97.2 என்பது விமானத்துக்கு எந்த விபத்தும் நேராமல், தானாகக் குதிப்பவர்களுக்கானது. விமானத்துக்கு விபத்து நேர்ந்த பிறகு குதிப்பவருக்குக் காயம் பட்டால் அது மீண்டும் வி95 பக்கமே போகும். மூலக்காரணம் பாராசூட் இல்லை, விமானம்தான்.

2025 ஜூன் 12 அன்று அகமதாபாத்தில் ஏர் இந்தியா 171 விமானம் மருத்துவக் கல்லூரி விடுதிக் கட்டடங்கள் மீது விழுந்தது. விமானத்தில் இருந்த 242 பேரில் ஒருவர் மட்டுமே பிழைத்தார். தரையில் இருந்த 19 பேரும் உயிரிழந்தார்கள். ஒரே விபத்து, ஒரே தீ. ஆனால் விமானத்தின் உள்ளே இருந்தவர்களுக்கு வி95.3, விடுதியில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்களுக்கு வி97.3. நஷ்டஈடு கேட்கும்போது பயணி வேறு, பயணி அல்லாதவர் வேறு என்ற கேள்வி வரும். யார் எங்கே இருந்தார்கள் என்பது மருத்துவப் பதிவில் தெளிவாக இருந்தால் அங்கே குழப்பம் குறையும்.

விமானம் பக்கத்தில் இருந்தாலே விமான விபத்து ஆகாது

இதில்தான் நிறையப் பேர் தடுமாறுவார்கள். சில எடுத்துக்காட்டுகள்:

விமானம் இறங்கும்போது காது அடைத்து, வலி தாங்க முடியாமல் டாக்டரிடம் போகிறீர்கள். இது காற்றழுத்த மாற்றத்தால் வரும் காதுப் பாதிப்பு, டி70.0. விமான விபத்து இல்லை.

நடுவானில் ஒருவருக்கு மாரடைப்பு வந்து இறந்துவிடுகிறார். அது இதய நோயின் எண்ணில் போகும். விமானம் அவர் இறந்த இடம் மட்டுமே, காரணம் அல்ல. இப்படி ஓடும் வாகனத்தில் ஒருவர் இறந்தால், வாகனப் பொறுப்பாளர் முதலில் நிற்கும் இடத்தில் பதிவாளருக்குத் தகவல் தர வேண்டும் என்று பதிவு விதி சொல்கிறது. அந்த விதியில் 'வாகனம்' என்பதில் விமானமும் அடக்கம்.

மீனம்பாக்கம் முனையத்துக்குள் ஈரத் தரையில் வழுக்கி விழுகிறீர்கள். இது சாதாரண வழுக்கி விழுதல். விமான நிலையம் 'நடந்த இடம்' என்ற பகுதியில் மட்டும் வரும். அங்கே ஓடும் பேட்டரி வண்டியில் அடிபட்டாலோ அதற்குத் தனி எண், வி83.

2024 அக்டோபர் 6 அன்று மெரினாவில் விமானப்படை சாகச நிகழ்ச்சி நடந்தது. லட்சக்கணக்கானோர் கூடிய அந்த நாளில் 5 பேர் உயிரிழந்தார்கள். வானத்தில் அத்தனை விமானங்கள் இருந்தும், எதுவும் யார் மீதும் விழவில்லை. வெயில் தாக்கம் என்று டாக்டர் பதிவு செய்தால் அதற்குரிய எண் டி67, காரணம் எக்ஸ்30. 'வி' எழுத்துக்கு அங்கே இடமில்லை.

1984 ஆகஸ்ட் 2 அன்று மீனம்பாக்கம் விமான நிலையத்தில் பெட்டியில் இருந்த குண்டு வெடித்து 30-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். நடந்தது விமான நிலையத்தில். ஆனால் அது விபத்து அல்ல, தாக்குதல். ஐ.சி.டி.-10-ல் வெடிபொருளால் நடத்தப்படும் தாக்குதலுக்கு எக்ஸ்96 என்று தனி எண் இருக்கிறது. தற்செயலா, வேண்டுமென்றே செய்ததா என்பதும் குறியீட்டை மாற்றும்.

வாட்ஸ்அப்பில் சுற்றும் அந்த ஜோக்

"ஜெட் இன்ஜினுக்குள் இழுக்கப்பட்டவர், இரண்டாவது முறை" என்று ஒரு குறியீடு இருப்பதாக மீம் பார்த்திருப்பீர்கள். எண் உண்மைதான். அமெரிக்கப் பட்டியலில் வி97.33எக்ஸ்டி. ஆனால் பொருள் அதுவல்ல. கடைசி எழுத்து சிகிச்சையின் கட்டத்தைச் சொல்கிறது. 'ஏ' என்றால் காயத்துக்கான தீவிர சிகிச்சை நடக்கும் கட்டம். 'டி' என்றால் அதே காயத்துக்குத் தொடர் சிகிச்சை, அதாவது கட்டு மாற்றுவது, தையல் பிரிப்பது போன்றவை. 'எஸ்' என்றால் காயம் விட்டுச்சென்ற பின்விளைவு. ஒரே மனிதர் இரண்டு தடவை இன்ஜினில் மாட்டினார் என்று யாரும் சொல்லவில்லை.

சிரித்துவிட்டுப் போகும் விஷயமும் இல்லை. 2015 டிசம்பர் 16 அன்று மும்பை விமான நிலையத்தில் தரையில் வேலை பார்த்த தொழில்நுட்ப ஊழியர் ஒருவர் இப்படித்தான் இறந்தார். இத்தகைய விபத்துகள் தனியாக எண்ணப்பட்டால்தான், எத்தனை நடக்கிறது, எங்கே பாதுகாப்பைக் கூட்ட வேண்டும் என்று தெரியும்.

ஒரு வரி விட்டுப்போனால் என்ன ஆகும்?

ஒரு கற்பனைக் காட்சி. மேடவாக்கத்தில் இருக்கும் 64 வயது அம்மா, சிங்கப்பூரில் இருக்கும் மகளைப் பார்த்துவிட்டுத் திரும்புகிறார். விமானத்திலிருந்து படிக்கட்டில் இறங்கும்போது கால் இடறி விழுந்து, இடுப்புப் பக்கம் தொடை எலும்பு முறிகிறது. வலியில் துடிப்பவரிடம் அவசரப் பிரிவில் கேட்கிறார்கள்: "என்னம்மா ஆச்சு?" "கீழே விழுந்துட்டேன்பா." தாளில் ஏறுவது 'கீழே விழுந்ததாகக் கூறுகிறார்' என்ற ஒரே வரி. எலும்பு முறிவுக்கு எஸ்72 சரியாக விழுந்துவிடும். காரணம்? வீட்டில் விழுந்தவருக்கும் இவருக்கும் தாளில் வித்தியாசமே இல்லை.

மூன்று மாதம் கழித்து மகன் விமான நிறுவனத்துக்கு எழுதுகிறார். பன்னாட்டுப் பயணங்களுக்கு 1999-ன் மான்ட்ரியல் உடன்படிக்கை பொருந்தும். இந்தியா 2009 முதல் அதில் இருக்கிறது. அதன் 17-வது பிரிவு, விமானத்துக்குள்ளோ, ஏறும்போதோ, இறங்கும்போதோ நடந்த விபத்தில் பயணிக்கு உடல் காயமோ மரணமோ நேர்ந்தால் விமான நிறுவனத்தைப் பொறுப்பாக்குகிறது. வழக்குப் போட 2 ஆண்டுகள்தான் அவகாசம். இப்போது "படிக்கட்டில் விழுந்ததற்கு என்ன ஆதாரம்?" என்ற கேள்வி வரும். கையில் இருக்கும் முதல் நாள் தாள் எதையும் சொல்லாது.

"விமானத்திலிருந்து படிக்கட்டில் இறங்கும்போது விழுந்தார்" என்று அன்றே எழுதப்பட்டிருந்தால் வி97.1 என்ற எண் வந்திருக்கும். எண்ணே பணம் வாங்கித் தராது, அதைச் சொல்லிவிட வேண்டும். ஆனால் விபத்து நடந்த நாளில், பணம் பற்றி யாரும் யோசிக்காத நேரத்தில் எழுதப்பட்ட வரி என்பதால் அதற்கு மதிப்பு அதிகம்.

இறப்பிலும் இதே கதைதான். மருத்துவமனையில் இறந்தால் டாக்டர் எழுதும் இறப்புக்கான காரணச் சான்று, படிவம் 4. அதில் காரணங்கள் படிப்படியாக எழுதப்படும். முதல் வரியில் கடைசியாக உயிரைப் பறித்தது, அதற்குக் கீழே அதற்குக் காரணமானது, அடியில் எல்லாவற்றையும் தொடங்கிவைத்தது. தீக்காயம் பட்டவர் பத்து நாள் கழித்து ரத்தத்தில் கிருமி பரவி இறந்தால் முதல் வரி கிருமித் தொற்று, அடுத்தது தீக்காயம், அடுத்தது விமான விபத்து. முதல் வரியோடு நிறுத்திவிட்டால், தாளைப் பொறுத்தவரை அவர் விபத்தில் இறக்கவில்லை, நோயில் இறந்தார். விபத்து மரணத்துக்குத் தனித்தொகை தரும் பாலிசியில் சிக்கல் தொடங்குவது இங்கேதான்.

நீங்கள் செய்ய வேண்டியவை

1. அவசரப் பிரிவில் நாலு விஷயம் சொல்லுங்க. என்ன செய்துகொண்டிருந்தபோது, எங்கே, எதனால், எத்தனை மணிக்கு. அடிபட்டவரால் பேச முடியாவிட்டால் கூட இருப்பவர் சொல்லலாம். "விழுந்துட்டார்" என்பதோடு நிறுத்தாதீங்க. நடந்ததை நடந்தபடி சொன்னால் போதும், கூட்டவும் வேண்டாம், குறைக்கவும் வேண்டாம்.

2. ஏ.ஆர். நகல் கேளுங்க. விபத்துக் காயத்தோடு வருபவரின் விவரம் மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டில் எழுதப்படும். நம் ஊரில் 'ஏ.ஆர். காப்பி' என்பார்கள். அதன் எண்ணையும் தேதியையும் போனில் குறித்துவையுங்க. காவல்துறை விசாரணைக்கும் பின்னால் இதுதான் தொடக்கப்புள்ளி.

3. போனிலேயே ஆதாரம் சேருங்க. போர்டிங் பாஸ், லக்கேஜ் சீட்டு, விழுந்த இடத்தின் படம். விமான நிறுவன ஊழியரிடம் சம்பவத்தை எழுத்தில் பதிவு செய்யச் சொல்லி, அதன் நகலையும் படம் எடுத்துவையுங்க.

4. டிஸ்சார்ஜ் ஆகும் முன் அஞ்சு நிமிஷம் படிங்க. டிஸ்சார்ஜ் சம்மரியில் நோயின் பெயரை எல்லோரும் பார்ப்போம். அதோடு, 'எப்படி நடந்தது' என்ற வரலாற்றுப் பகுதியையும் பாருங்க. தவறோ விடுபட்டதோ இருந்தால் வார்டிலேயே டாக்டரிடம் சொல்லுங்க. வீட்டுக்கு வந்த பிறகு தெரிந்தால், மருத்துவமனைக் கண்காணிப்பாளருக்கோ மருத்துவப் பதிவேட்டுத் துறைக்கோ எழுத்தில் விண்ணப்பியுங்க. கேட்க வேண்டியது உண்மையான விவரத்தைச் சேர்ப்பதற்கு. "இந்த எண்ணைப் போடுங்க" என்று கேட்பதற்கு அல்ல. எண் போடுவது அவர்கள் வேலை.

5. இன்சூரன்ஸ் படிவத்தின் 'பார்ட் பி'. கோரிக்கைப் படிவத்தின் இந்தப் பகுதியை மருத்துவமனை நிரப்பும். ஐ.சி.டி.-10 எண்ணுக்கு அதில் கட்டம் இருக்கும். காயத்தால் சேர்க்கப்பட்டாரா, காவல்துறைக்குத் தெரிவிக்கப்பட்டதா என்ற கேள்விகளும் இருக்கும். அனுப்புவதற்கு முன் ஒரு படம் எடுத்து, டிஸ்சார்ஜ் சம்மரியோடு ஒத்துப்போகிறதா என்று பாருங்க. நிறுவனம் காரணமில்லாமல் மறுத்தால், முதலில் அந்த நிறுவனத்தின் குறைதீர் பிரிவு. அங்கே தீராவிட்டால் காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையத்தின் 'பீமா பரோசா' தளம் அல்லது 155255 என்ற எண்.

6. இறப்பு நேர்ந்தால். 21 நாட்களுக்குள் பதிவு செய்யப்பட வேண்டும். மருத்துவமனையில் நடந்த இறப்பைப் பதிவாளருக்குத் தெரிவிப்பது மருத்துவமனையின் பொறுப்பு. பதிவான சான்றிதழைத் தமிழ்நாட்டின் பிறப்பு இறப்புப் பதிவுத் தளத்திலிருந்து போனிலேயே இறக்கிக்கொள்ளலாம். ஆனால் ஒன்று கவனியுங்கள். இறப்புச் சான்றிதழில் இறப்பின் காரணம் அச்சாகாது, சட்டமே அப்படித்தான் சொல்கிறது. காரணம் இருப்பது மருத்துவச் சான்றில். 2023-ல் திருத்தப்பட்ட பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டப்படி, அந்தச் சான்றின் நகலை நெருங்கிய உறவினருக்கும் மருத்துவமனை தர வேண்டும். கேட்டு வாங்குங்க. விபத்து மரணம் என்றால் பிரேதப் பரிசோதனை அறிக்கையும் முதல் தகவல் அறிக்கையும் சேர்த்து வைத்துக்கொள்ளுங்க.

7. உடல் கிடைக்காவிட்டால். டாக்டர் பார்க்காத உடலுக்குக் காரணச் சான்று எழுத முடியாது. ஒருவரைப் பற்றி 7 ஆண்டுகள் எந்தத் தகவலும் இல்லையென்றால், அவர் உயிரோடு இருக்கிறார் என்று சொல்பவர்தான் அதை நிரூபிக்க வேண்டும் என்கிறது சாட்சியச் சட்டம். ஏஎன்-32 போன்ற பெரிய விபத்துகளில் அரசே முன்கூட்டி முடிவெடுத்துக் குடும்பங்களுக்குத் தெரிவிக்கிறது. தனிப்பட்ட நிகழ்வு என்றால், காவல் நிலையத்தில் உடனே காணாமல்போன புகார் பதிவு செய்வதும், மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவின் இலவச உதவியை நாடுவதும் முதல் படி.

குறியீடு சொல்வதும் சொல்லாததும்

ஒரு விஷயத்தைப் பிரித்துப் பார்க்க வேண்டும். வி95 என்பது ஒருவர் விமான விபத்தில் அடிபட்டார் என்று மட்டும் சொல்லும். விமானம் ஏன் விழுந்தது, யார் தவறு என்று சொல்லாது. சிவில் விமானம் என்றால் அதைக் கண்டுபிடிப்பது விமான விபத்து விசாரணைப் பிரிவின் வேலை. ராணுவ விமானம் என்றால் படையின் விசாரணை நீதிமன்றம். அந்த அறிக்கை வர எத்தனை நாளானாலும், காயப்பட்டவரின் மருத்துவப் பதிவு அதற்காகக் காத்திருக்கத் தேவையில்லை.

தாம்பரத்திலிருந்து கிளம்பிய அந்த விமானத்தின் கதைக்கு 2024 ஜனவரியில் இன்னொரு பக்கம் சேர்ந்தது. வேளச்சேரி - தாம்பரம் சாலையில் போகிறவர்கள் பள்ளிக்கரணையில் தேசிய கடல்சார் தொழில்நுட்பக் கழகத்தின் வளாகத்தைப் பார்த்திருப்பீர்கள். அந்த நிறுவனம் ஆளில்லா நீர்மூழ்கி ஒன்றைக் கடலுக்குள் அனுப்பியிருந்தது. சென்னைக் கடற்கரையிலிருந்து சுமார் 310 கி.மீ. தொலைவில், 3,400 மீட்டர் ஆழத்தில், விமானம் ஒன்றின் சிதைவுகளை அது படம் பிடித்தது. ஏஎன்-32-ஐ ஒத்த பாகங்கள் அவை. அந்தப் பகுதியில் வேறு எந்த விமானமும் காணாமல்போனதாகப் பதிவு இல்லை என்று பாதுகாப்பு அமைச்சகம் அறிவித்தது.

ஏழரை ஆண்டுகள் கழித்து, "எங்கே?" என்ற கேள்விக்கு அந்த 29 குடும்பங்களுக்கு ஒரு பதில் கிடைத்தது. "எப்படி நடந்தது?" என்பது கடலடியில் தேடும் அளவுக்கு முக்கியமான கேள்வி. நம் வீட்டு மனிதர் மருத்துவமனையில் கண்ணெதிரே படுத்திருக்கும்போது, அதே கேள்விக்கான பதிலைத் தாளில் ஏற்ற ஒரு நிமிடம் போதும். டிஸ்சார்ஜ் சம்மரி கைக்கு வந்ததும், பில் தொகையைப் பார்க்கும் முன் அந்த ஒரு வரியைத் தேடிப் படியுங்கள்.